செவந்தியின் சேலையைத் துவைத்தவள்

கடையில் இப்போது வேலை பார்ப்பது மூன்று பெண்கள். மத்தியானம் தூக்குவாளியைத் திறந்து வைத்துக்கொண்டு போனில் ஒரு நாடகம் பார்க்கிறார்கள். ஏதோ வெளிநாட்டு நாடகம், தமிழில் பேச வைத்திருக்கிறார்கள். ஒரு கூட்டம் ஆட்களை ஓரிடத்தில் அடைத்துப் போட்டி வைக்கிறார்கள். கடைசி வரைக்கும் தாக்குப்பிடிப்பவருக்குத்தான் எல்லாம். போன மாதம் அதில் ஒரு பெண் செத்துப் போனாள். அன்றைக்கு இவர்கள் மூன்று பேரும் சாப்பிடவில்லை.

நான் வேலையை விட்டுப் பல வருஷம் ஆகிவிட்டது. பள்ளிக்கூட ஆண்டு விழாக் காலத்தில் கை போதவில்லை என்று கூப்பிட்டால் போய்ப் பொத்தான் தைத்துக் கொடுப்பேன். அன்றைக்கும் அதற்குத்தான் போயிருந்தேன்.

“ஆச்சி, அந்தப் புள்ள சாகுறத நீங்க பாத்திருக்கணும். ஒங்க காலத்துல இப்படியெல்லாம் எங்க எடுத்தாங்க?” என்றாள் காளீஸ்வரி. மூன்று பேரில் அவளுக்குத்தான் வாய் அதிகம்.

எனக்குச் சுருக்கென்று கோபம் வந்தது. எடுத்தார்கள். இங்கே பிளவக்கல் அணைக்கட்டில் எடுத்தார்கள். அதிலும் ஒரு பெண் செத்துப் போனாள். அவள் சேலையைத் துவைத்தது நான்தான். இதை வாய்விட்டுச் சொன்னதுதான் நான் செய்த தப்பு. அன்றிலிருந்து மூன்று பேரும் என்னை விடவில்லை. அது போதாதென்று சின்ன முதலாளியிடம் போய்ச் சொல்லிவிட்டார்கள். கடையின் விழா மலருக்கு எழுதிக் கொடுங்கள் என்று அவர் நோட்டும் பேனாவும் வாங்கி அனுப்பிவிட்டார். நான் ஐந்தாவது வரை படித்தவள். நாலு பேர் முன்னால் பேசச் சொன்னால் எனக்கு நாக்கு ஒட்டிக்கொள்ளும். எழுதுவது தேவலை. எழுதும்போது எவரும் என் முகத்தைப் பார்ப்பதில்லை.

ராஜபாளையத்தில் நாடக டிரஸ் வாடகைக்குக் கொடுக்கும் எங்கள் கடையில் எண்பதுகளின் தொடக்கத்தில் சேர்ந்தேன். அதற்கு முன்னால் இரண்டு வருஷம் மில்லில் இருந்தேன். பஞ்சுத் தூசி மூச்சுக்கு ஒத்துக்கொள்ளவில்லை. கடையில் துவைப்பது, கிழிசல் தைப்பது, தேய்ப்பது மூன்றும் என் வேலை. கற்றுக்கொள்ள ஆறு மாதம் ஆனது. அந்த ஆறு மாதத்தில் ஒரு தளபதி வேஷத்துச் சட்டையைக் கருக்கினேன், ஒரு ரிஷியின் காவியைப் பிள்ளையார் வேஷத்து வெள்ளை வேட்டியோடு ஊறப்போட்டேன். அதற்கு மேல் சொல்ல ஒன்றுமில்லை.

பெரிய முதலாளியைப் பற்றிச் சொல்ல வேண்டும். வீட்டில் தெலுங்கு பேசுகிறவர். எங்களிடம் தமிழ்தான், நடுநடுவே தெலுங்கு விழும். அவர் திட்டி நான் கேட்டதில்லை. தப்பு நடந்தால் அந்தத் துணியை எடுத்துவந்து தேய்க்கிற மேஜையில் விரிப்பார். தப்பு இருக்கிற இடத்தில் ஆள்காட்டி விரலை வைப்பார். ஒரு வார்த்தை பேச மாட்டார். விரலை எடுத்துக்கொண்டு எதிர்க்கடைக்கு டீ குடிக்கப் போய்விடுவார். அவர் டீ குடித்துவிட்டு வருகிற வரைக்கும் அந்தத் துணியும் நானும்தான். திட்டியிருந்தால் தேவலை என்று நூறு தடவை நினைத்திருக்கிறேன்.

அவருடைய சட்டம் ஒரே வார்த்தை. “நீள்ளு.” தெலுங்கில் தண்ணீர். வெளியே போன டிரஸ் கடைக்குத் திரும்பி வந்தால், அதை மடிப்பதற்கு முன்னால், எண்ணுவதற்கு முன்னால், கிழிசல் பார்ப்பதற்கு முன்னால், தண்ணீர் காட்ட வேண்டும். ஒரு உடம்பில் இருந்து இறங்கிய துணி தண்ணீர் படாமல் மறுபடி ஒரு உடம்பில் ஏறக் கூடாது. அது அதே ஆளாக இருந்தாலும் சரி. பருத்தி என்றால் ஊறப்போட வேண்டும். பட்டும் ஜரிகையும் பூந்திக்கொட்டைத் தண்ணீரில் அலச வேண்டும். ராஜா வேஷத்து வெல்வெட் கோட்டை நனைக்க முடியாது, ஆகவே உள்பக்கத்தை வெளியே திருப்பி ஈரத்துணியால் அக்குளையும் கழுத்தையும் ஒற்றி எடுக்க வேண்டும். மூட்டை வந்து இறங்கும்போது அவர் கல்லாவில் இருந்தபடியே கேட்பார்.

“அம்மாயி, நீள்ளு?”

“ஆச்சு மொதலாளி.”

இருபது வருஷம் எங்களுக்குள் நடந்த பேச்சில் பாதி இதுதான்.

இரண்டாவது சட்டம் அவர் போட்டதல்ல, என்னால் வந்தது. ஸ்ரீவில்லிபுத்தூர்ப் பக்கம் ஒரு கோயில் கொடை. விடிய விடிய நடக்கிற ஸ்பெஷல் நாடகத்துக்கு நம் கடை டிரஸ் போயிருந்தது. ஆட்டக்காரப் பெண் மேடையில் சுற்றும்போது ரவிக்கையின் பக்கத் தையல் விட்டுப் போனது. கூட்டம் விசில் அடித்திருக்கிறது. பபூன் அதையே பிடித்துக்கொண்டு அரை மணி நேரம் பேசியிருக்கிறான். அந்தப் பெண் அழுதுகொண்டே மிச்ச ஆட்டத்தையும் ஆடி முடித்திருக்கிறாள். மறுநாள் அந்த ரவிக்கை மேஜையில் விரிந்தது. விரல் பக்கத் தையலில் இருந்தது. நான் அனுப்பிய ரவிக்கை. தையல் இற்றுப் போயிருந்ததை நான் பார்க்காமல் விட்டிருந்தேன். முதலாளி டீ குடிக்கப் போய்விட்டார்.

அன்றிலிருந்து ஒரு பெண் கையில் கிழிசல் துணியை நான் கொடுத்தது கிடையாது. விரலை ஓட்டிப் பார்க்காமல் ஒரு தையலையும் விட்டது கிடையாது.

இந்த இரண்டும் நல்ல பழக்கம்தானே என்று நினைக்கிறீர்கள், இல்லையா? நானும் அப்படித்தான் நினைத்தேன்.

தொண்ணூறுகளின் நடுவில் சென்னையிலிருந்து ஒரு கம்பெனி வந்தது. டிவிக்குப் பதிமூன்று வாரத் தொடர். கதையை முதலாளியிடம் சொல்லிக்கொண்டிருந்தபோது நான் உள்ளே தேய்த்துக்கொண்டிருந்தேன், காதில் விழுந்தது. வாரிசு இல்லாத ஒரு எஸ்டேட்காரர் சாகும்போது உயில் எழுதி வைக்கிறார். பத்துப் பேரைக் காட்டுக்குள் விட வேண்டும், கடைசி வரைக்கும் தாக்குப்பிடிப்பவருக்கு எஸ்டேட். கட்டிய துணியோடு உள்ளே போக வேண்டும். துணியை மாற்றினால் போட்டியிலிருந்து வெளியே போக வேண்டும். பத்துப் பேரில் வக்கீல், வாத்தியார், பணக்காரப் பையன் என்று எல்லா வகையும் உண்டு. பத்தாவது ஆள் செவந்தி, தேயிலை பறிக்கிற பெண். எல்லாரும் கேலி செய்வார்கள், எல்லாருக்கும் அவள்தான் கிழங்கு தோண்டிக் கொடுப்பாள். பதிமூன்றாவது வாரம் அழுக்கும் கிழிசலுமாய் அந்த ஒரே சேலையோடு அவள் பங்களாப் படி ஏற வேண்டும். அவள்தான் ஜெயிக்கிறவள்.

செவந்தியாக நடிக்க வந்தவள் ஜெயராணி. அவளும் ஸ்பெஷல் நாடகத்து ஆட்டக்காரிதான், முப்பது வயது இருக்கும். ரவிக்கை அளவு கொடுக்கக் கடைக்கு வந்தாள். நான் டேப்பைப் பிடித்துக்கொண்டு வாய் திறக்காமல் அளந்தேன். அவள் பேசிக்கொண்டே இருந்தாள்.

“எங்க அம்மா ஸ்ரீவில்லிபுத்தூர் மடவார் வளாகத்துல இருக்கா, தெரியுமாக்கா? கோர்ட்டுக்குப் பக்கத்துல இட்லிக் கடை. நான் ஆட்டத்துக்குப் போனதுலருந்து ஆறு வருசமா பேச்சில்ல. போன தீவாளிக்குப் போயி வாசல்ல நின்னேன்.”

“என்ன சொன்னாவ?”

“‘எந்த நாடகத்துலட்டி நீ ஜெயிச்சிருக்க? ஆடுத, பபூன்கிட்ட பேச்சு வாங்குத, அடி வாங்குத, வார. ஒரே ஒரு நாடகத்துல ஜெயிச்சுக் காட்டு, பொறவு வாசப்படி ஏறு’ன்னா.” அவள் சிரித்தாள். “இப்ப காட்டுறேன்ல. பதிமூணாவது வாரம். பங்களாப் படி ஏறுன கையோட அம்மா வீட்டுப் படியும் ஏறிருவேன்.”

ஸ்ரீவில்லிபுத்தூரில் ஒரு ஜவுளிக் கடையில் முதலாளியும் நானும் போய் அந்தச் சேலையை எடுத்தோம். அரக்குக் கட்டம், மஞ்சள் கரை, நயம் பருத்தி. இன்னொன்றும் எடுத்து வைத்துக்கொள்ளலாம் என்று எனக்குத் தோன்றியது. கம்பெனிக்காரர் ஒன்று போதும் என்று எழுதிக் கொடுத்திருந்தார். நான் யார், சொல்வதற்கு?  புதுச் சேலைக்கு முதல் தண்ணீர் உப்புத் தண்ணீராக இருக்க வேண்டும், சாயம் நிற்பதற்கு. அதற்கும் விடவில்லை. கலர் பளிச்சென்று இருக்க வேண்டும், அப்படியே கொடுங்கள் என்று வாங்கிக்கொண்டு போய்விட்டார்கள்.

பதினெட்டு நாள் ஷூட்டிங் நடந்தது. துணிமணியைப் பார்த்துக்கொள்ள அவர்களே சென்னையிலிருந்து ஆள் கொண்டுவந்திருந்தார்கள். பத்தொன்பதாம் நாள் அந்த ஆள் மஞ்சள் காமாலை வந்து ஊருக்குப் போய்விட்டார். கம்பெனி எங்கள் முதலாளியிடம் ஆள் கேட்டது. முதலாளி என்னைப் பார்த்தார்.  அத்தனை ஆம்பிளைகளுக்கு நடுவில் போய் நிற்பதை நினைத்தாலே வேர்த்தது. ஆனாலும் போனேன்.

வத்திராயிருப்பு வரைக்கும் பஸ், அங்கிருந்து கம்பெனி வேன். போய் இறங்கும்போது மத்தியானம். காமிராவில் ஏதோ கோளாறு, மதுரையிலிருந்து சாமான் வர வேண்டும் என்று வேலையை நிறுத்தியிருந்தார்கள். சிவராமன் என்று ஒரு உதவி டைரக்டர், கண்ணாடி போட்டவர், கையில் எப்போதும் ஒரு நோட்டு. வேக வேகமாகப் பேசுவார். ஒரு டிரங்குப் பெட்டியைக் காட்டினார்.

“இதுல மூணு பேரோட டிரஸ் இருக்கும்மா. மத்த ஏழு பேரும் கதையில வெளிய போயாச்சு. நாளைக்குக் காலையில முதல் ஷாட் செவந்தி. செவந்தி சேலை கன்டினியூட்டி, பார்த்துக்குங்க.”

எனக்கு அந்த வார்த்தை புரியவில்லை. புரியவில்லை என்று சொல்ல வாய் வரவில்லை. தலையை ஆட்டினேன். அவர் போன பிறகு மனசுக்குள் சொல்லிச் சொல்லிப் பார்த்தேன். செவந்தி சேலை, கண்டி, நீட்டி. செவந்தி சேலை கண்டிப்பா நீட்டா. ஆமாம், அதுதான். செவந்தி சேலை கண்டிப்பாக நீட்டாக இருக்க வேண்டும். எனக்குப் பெரிய நிம்மதி. நமக்குத் தெரியாத வேலையா?

பெட்டியைத் திறந்தேன். செவந்தி சேலையில் பதினெட்டு நாள் மண்ணும் வேர்வையும் மொடமொடவென்று நின்றன. முந்தானையில் ஒரு சாண் கிழிசல். எனக்கு அந்தச் சென்னைக்காரர் மேல் வந்த ஆத்திரம் கொஞ்சநஞ்சமல்ல. மஞ்சள் காமாலை வந்தவர் என்று பொறுத்துக்கொண்டேன். பதினெட்டு நாளில் ஒரு நாள் கூடவா தண்ணீர் காட்டவில்லை? இதையா அந்தப் பெண் தினமும் உடுத்திக்கொண்டு நின்றாள்?

வாய்க்கால் பக்கம் போனேன். சவுக்காரம் போட்டுத் தேய்த்தும் அழுக்கு அசையவில்லை. சமையல்காரரிடம் ஒரு அண்டா வாங்கி, சலவைச் சோடா போட்டு ஊற வைத்து, கல்லில் அடித்து, அலசி, மறுபடி ஊற வைத்து அலசினேன். தண்ணீர் அரக்காகப் போனது. முதல் தண்ணீர் காணாத சேலை, வேறென்ன செய்யும்? காய்ந்தபோது செங்கல் பொடி நிறத்துக்கு இறங்கியிருந்தது. அதனால் என்ன, சுத்தமாக இருக்கிறதே. பிறகு உட்கார்ந்து முந்தானைக் கிழிசலுக்கு இழையோட்டினேன். அந்தச் சேலையிலேயே உள்தலைப்பில் நூல் உருவி, நெடுக்கில் பாவுக்குப் பாவு, குறுக்கில் ஊடைக்கு ஊடை கோத்தேன். தையல் போட்ட இடம் எனக்கே தெரியவில்லை. என் வேலையில் இவ்வளவு நன்றாக வந்த இழையோட்டம் மூன்றோ நாலோதான் இருக்கும். மற்ற இரண்டு பேர் சட்டையை மறுநாள் பார்த்துக்கொள்ளலாம் என்று வைத்தேன்.

காலையில் ஜெயராணி வந்து மடிப்போடு சேலையை வாங்கிக்கொண்டு, ஒன்றும் சொல்லாமல் துணி மாற்றுகிற மறைப்புக்குள் போனாள். கட்டிக்கொண்டு போய்த் தண்ணீர் ஓரத்துப் பாறையில் நின்றாள்.

டைரக்டர் ஒல்லியானவர், எப்போதும் வாயில் ஒரு கிராம்பு. சத்தம் போட மாட்டார். அவர் அவளை ஒரு சுற்றுச் சுற்றி வந்தார். முந்தானையை எடுத்துக் கிழிசல் இருந்த இடத்தைத் தேடினார். கிடைக்கவில்லை.

“யாரு துவைச்சது?”

நான் தண்ணீர் டிரம்முக்குப் பின்னால் நின்றேன். சிவராமன் கை காட்டினார். டைரக்டர் என் பக்கம் வந்தார்.

“கன்டினியூட்டி பாக்கணும்னு ஒங்ககிட்ட சொல்லலையாம்மா?”

அத்தனை பேரும் என்னையே பார்த்தார்கள். அந்த இடத்தில் நான் வாய் திறந்து பேசியது அந்த ஒரு தடவைதான்.

“சொன்னாவ. கண்டிப்பா நீட்டா இருக்கணும்னு சொன்னாவ.”

முதலில் லைட்காரர் சிரித்தார். பிறகு எல்லாரும் சிரித்தார்கள். ஜெயராணியும் பாறையில் நின்றபடி வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். டைரக்டர் கூடச் சிரித்தார். சிரித்து முடித்தபின் எல்லாரும் மறுபடி சேலையையே பார்த்தார்கள். அப்போதுதான் எனக்குப் பயம் பிடித்தது. சிவராமன் நோட்டை விரித்து எனக்குக் காட்டினார். செவந்தி என்று போட்டு, இடது முழங்காலில் சேறு, முந்தானை ஒரு சாண் கிழிசல், இடுப்பில் கரி என்று வரிசையாக எழுதியிருந்தது. நேற்று எடுத்த படமும் இன்று எடுக்கிற படமும் அடுத்தடுத்து வரும், அழுக்கு அப்படியே இருந்தாக வேண்டும், அதற்குப் பேர்தான் கன்டினியூட்டி என்றார். நேற்றே இதைத் தமிழில் சொல்லியிருக்கக் கூடாதா? இன்றைக்கும் எனக்கு அந்த மனிதர் மேல் அந்தக் கோபம் உண்டு.

பிறகு என்னென்னவோ செய்து பார்த்தார்கள். அணைச் சேற்றை அள்ளித் தேய்த்தார்கள். டீ டிகாக்ஷனில் முக்கினார்கள். கரியைப் பூசினார்கள். கிழிசலை மறுபடி கிழிக்கச் சொன்னார்கள். என் இழையோட்டத்தை நானே பிளேடு வைத்து அறுத்தேன். ஒவ்வொரு தடவையும் ஒரு சின்ன டிவிப் பெட்டியில் பழைய படத்தைப் போட்டு, பக்கத்தில் அவளை நிறுத்திப் பார்த்தார்கள். சேறு ஒட்டிய சேலை மாதிரி இருந்தது, பதினெட்டு நாள் கட்டிய சேலை மாதிரி இல்லை. நிறம் வேறாக இருந்தது. முதலாளிக்கு ஆள் போய், அவர் பஸ் பிடித்து ஸ்ரீவில்லிபுத்தூர் ஜவுளிக் கடைக்குப் போனார். அந்தக் கட்டத்தில் நீலம்தான் இருக்கிறது என்றார்கள்.

அணையில் எடுக்க இன்னும் இரண்டே நாள்தான் அனுமதி. முகத்தை மட்டும் பக்கத்தில் எடுத்து ஓட்டலாமே என்று சிவராமன் கேட்டார்.

“ஒரு வாரம் ஓட்டலாம். ஆறு வாரம் முகத்தை மட்டுமே காட்டினா, உடம்பு எங்கேன்னு கேட்பாங்க” என்றார் டைரக்டர். “மாத்துத் துணி கட்டக் கூடாதுன்னு நாமே சட்டம் வச்சிருக்கோம். அவ கலர் மாறி வந்து நின்னா கதையே போச்சு.”

அவர் ஒரு மரத்தடியில் உட்கார்ந்து ரொம்ப நேரம் சேலையையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு எழுந்து வந்தார்.

“துவைச்ச சேலை தண்ணியில கெடந்த சேலை மாதிரிதான் இருக்கும். அப்ப அவ தண்ணியில போயிட்டா. ஏழாவது வாரத்தோட செவந்தி கதை முடிஞ்சுது. வாத்தியாரை ஜெயிக்க வைப்போம்.”

இவ்வளவுதான். ஒரு ஆளைக் கதையில் கொல்வதற்கு இவ்வளவு நேரம்தான் ஆகிறது.

நான் ஜெயராணியைப் பார்த்தேன்.  “சார், பதிமூணாவது வாரம்னு சொன்னீங்களே சார்” என்று ஒரே ஒரு தடவை கேட்டாள். டைரக்டர் அவள் தோளைத் தட்டி, “சாகுற கேரக்டர்தாம்மா மனசுல நிக்கும்” என்றார். அவள் மறைப்புக்குள் போய்ச் சேலையை அவிழ்த்துக் கொடுத்துவிட்டு, தன்னுடைய நைலக்ஸ் சேலையைக் கட்டிக்கொண்டு வந்து பாறையில் உட்கார்ந்தாள். அவளை அதற்கு மேல் எடுக்க ஒன்றுமில்லை. எடுக்க வேண்டியது சேலையை மட்டும்தான், தண்ணீரில் மிதக்கிற மாதிரி.

அதைத் தண்ணீரில் மிதக்க விடவும் ஆள் வேண்டியிருந்தது. ஆம்பிளைகள் இரண்டு தடவை விட்டார்கள், சுருண்டு முழுகிப் போனது. “அலசுற பொம்பளைக்குத்தான் தெரியும், அவங்களைக் கூப்பிடுங்க” என்றார் டைரக்டர். முழங்கால் தண்ணீரில் இறங்கினேன். சேலையைத் தண்ணீர் மட்டத்தில் வைத்து, கரையைக் காற்றுப் பக்கம் பிடித்து, மடிப்புக்குள் கொஞ்சம் காற்றை அடக்கி, ஒரு சுண்டு சுண்டி விட்டால் அது விரிந்துகொண்டே போகும். பன்னிரண்டு முழமும் விரியாது, பாதி விரியும். 

“அக்கா, முந்தானைய நல்லா விரிச்சு விடுக்கா” என்றாள் ஜெயராணி பாறையிலிருந்து. “செத்தாலும் அலங்கோலமா சாகக் கூடாது பாரு.”

நன்றாக விரித்துத்தான் விட்டேன். ஒரே தடவையில் சரியாக வந்துவிட்டது.

கடைக்குத் திரும்பியபோது முதலாளிக்கு எல்லாம் தெரிந்திருந்தது. சேலை ஈரத்தோடு என் பையில் இருந்தது. அவர் அதை வாங்கி மேஜையில் விரித்தார். விரல் எங்கே வைக்கப் போகிறார் என்று நின்றேன். கரையில் இருந்து கரை வரைக்கும் பார்த்தார். நிறம் போன இடத்தில் வைக்கவில்லை, கிழிசலிலும் வைக்கவில்லை. கையைப் பின்னால் கட்டிக்கொண்டார். “நுவ்வு ஏம் சேஸ்தாவு, அம்மாயி” என்று முனகினார், நீ என்ன செய்வாய் என்று. அன்றைக்கு அவர் டீ குடிக்கவும் போகவில்லை.

தொடர் டிவியில் வந்தது. ஏழாவது வாரம் செவந்தி தண்ணீரோடு போனாள். வாத்தியாராக நடித்தவர் கரையில் நின்று கூப்பிட, அந்தச் சேலை மட்டும் விரிந்து விரிந்து போனது. ஊரே அழுதது. மறுநாள் பஸ்ஸில், மில் வாசலில், பால்கோவாக் கடையில் எங்கே பார்த்தாலும் அதே பேச்சு. எனக்கு எரிச்சல் தாங்க முடியவில்லை. ஒரு பத்திரிகையில் எவரோ எழுதியிருந்ததை முதலாளியின் மகன் வாசித்துக் காட்டினார். நிறம் வெளுத்த சேலை உழைக்கும் பெண்ணின் வாழ்க்கை வெளுத்துப் போவதைக் குறிக்கிறதாம். முந்தானைக் கிழிசல் சமுதாயத்தின் கிழிசலாம். சோடா கொஞ்சம் கூடிப் போச்சு என்று அவருக்கு யார் சொல்வது? அந்த டைரக்டரை எவ்வளவோ பேர் பாராட்டினார்கள். அந்தச் சேலை எப்படித் தோன்றியது என்று கேட்டதற்கு, தண்ணீரைப் பார்த்துக்கொண்டிருந்தபோது தோன்றியது என்று பதில் சொன்னாராம்.

ஜெயராணியை எங்கே கண்டாலும் பெண்கள் கையைப் பிடித்துக்கொண்டார்கள். “செத்துப் போன புள்ளைல்லா நீ” என்று கன்னத்தைத் தடவினார்கள். ஆனால் அடுத்த தொடருக்கு அவளை எவரும் கூப்பிடவில்லை. செவந்தியைப் பார்த்து அழுதவர்கள் அதே முகத்தை வேறு கதையில் பார்த்தால் ஒட்டாது என்று ஒரு கம்பெனிக்காரர் சொல்லிவிட்டாராம். அவள் மறுபடி ஸ்பெஷல் நாடகத்துக்கே போனாள். நான் அவளிடம் ஒரு வார்த்தை பேசியிருக்க வேண்டும். டிரஸ் எடுக்க ஆள் அனுப்பினாளே தவிர அவள் கடைக்கு வரவில்லை. நானாகத் தேடிப் போய் நிற்கிற தைரியம் எனக்கு வரவில்லை. இரண்டு வருஷம் இப்படியே ஓடியது.

பிறகு ஒரு நாள் அவளே வந்தாள். ஸ்ரீவில்லிபுத்தூரில் ஒரு பள்ளிக்கூடத்துக்கு ஆட்டம் சொல்லிக் கொடுக்கிறாளாம், பிள்ளைகளுக்கு மயில் டிரஸ் வேண்டுமாம். நான் பீரோவைத் திறந்து மயில் தோகைகளை எடுத்து வைத்துக்கொண்டே, அவள் முகத்தைப் பார்க்காமல் சொன்னேன்.

“ஏட்டி ஜெயராணி, அன்னைக்கு அந்தச் சேலைய நான் துவைச்சிருக்கக் கூடாது.”

அவள் தோகைகளை எண்ணுவதை நிறுத்தினாள்.

“காலையில கட்டும்போது நானுந்தான பாத்தேன். பதினெட்டு நாளு அங்கன நின்னவ, எனக்குத் தெரியாதா? கையில வாங்குனதுமே தெரிஞ்சு போச்சு, இது ஆகாதுன்னு.”

“தெரிஞ்சா சொல்லியிருக்க வேண்டியதுதான? அப்பவே சொல்லியிருந்தா, யோசிக்கச் செத்த நேரமாவது கெடைச்சிருக்குமே. எதுக்குட்டி கட்டிக்கிட்டுப் போயி நின்ன?”

எனக்கு அவ்வளவு சத்தமாகப் பேச வரும் என்று அதற்கு முன்னால் எனக்கே தெரியாது. கல்லாவில் இருந்த முதலாளி திரும்பிப் பார்த்தார்.

“சுத்தமா இருந்துச்சுக்கா” என்றாள் அவள். “ஒடம்பெல்லாம் சொறி பிடிச்சுக் கெடந்தேன். சொன்னா ஒடனே பிடுங்கிச் சேத்துல போட்டுப் புரட்டுவாங்க. ஒரு பத்து நிமிசம் கட்டிக்கிட்டு நிப்போம்னு நின்னேன். என்ன, மூஞ்சியத்தான பாக்கப் போறாங்கன்னு நெனைச்சேன்.”

 இரண்டு வருஷம் என்னையே திட்டிக்கொண்டு கிடந்திருக்கிறேன், இவள் இதை வைத்துக்கொண்டு இருந்திருக்கிறாள். எரிச்சலில் தோகையை மடக்கத் தெரியாமல் இரண்டு இறகை ஒடித்துவிட்டேன்.

“ஒங்க அம்மா பாத்தாவளா?” என்று கேட்டேன்.

“பாத்திருக்கா. கடைய வெள்ளனமே எடுத்து வச்சுட்டு, பக்கத்து வீட்டுல போயி வாராவாரம் ஒக்காந்து பாத்தாளாம். ஒருத்தர்கிட்டயும் எம் மவதான்னு சொல்லல. ஏழாவது வாரம் எந்திரிச்சு நின்னு, ‘இதுலயும் இப்படித்தானா’ன்னாளாம். அம்புட்டுத்தான். அதுக்குப் பொறவு டிவி பக்கமே போகல.”

“வீட்டுக்கு?”

“எங்க போறது? ஜெயிச்சுட்டு வான்னா. நான் செத்துல்ல போயிட்டேன்.”

அவளுக்கு எதையாவது ஆறுதலாகச் சொல்ல வேண்டும் என்று எனக்குத் துடித்தது. டைரக்டர் சொன்னது, ஊரில் எல்லாரும் சொன்னது, பத்திரிகைக்காரர் எழுதியது, எல்லாம் ஒன்றாக வந்து வாயில் நின்றது. இன்றைக்கு இந்தப் பெண்கள் மூன்று பேரும் அதையேதான் என்னிடம் சொல்கிறார்கள். ஆச்சி, நீங்க துவைச்சது நல்லதாப் போச்சு, இல்லன்னா அந்தக் கேரக்டர் நின்னிருக்குமா என்கிறாள் காளீஸ்வரி. கேட்கும்போது எனக்குப் பற்றிக்கொண்டு வருகிறது. ஆனால் அன்றைக்கு நானும் அதையேதான் சொன்னேன்.

“அந்த வாத்தியார் ஜெயிச்சாரே, அவர ஊர்ல ஒருத்தருக்காவது ஞாபகம் இருக்கா, சொல்லு? ஜெயிச்சிருந்தா ஒன்னையும் இந்நேரம் மறந்திருப்பாங்கட்டி.”

அவள் மயில் டிரஸ் மூட்டையைக் கட்டி இடுப்பில் ஏற்றிக்கொண்டாள்.

“மறந்துட்டுப் போகட்டும்க்கா” என்றாள். “நான் ஜெயிச்சிருக்கணும்.”